கல்லடியில் ஒரு ஸ்மார்ட் ரீவி: வாங்கி வருஷங்கள் போன பிறகு

ரீவி வாங்கிய மறுநாளே எழுதப்படும் அனுபவங்களை நான் பெரிதாக எடுப்பதில்லை. முதல் மாதத்தில் எல்லா ரீவியும் நல்ல ரீவிதான். எங்கள் வீட்டில் இருப்பது 43 அங்குல அன்ட்ரொய்ட் ரீவி. முதல் கொரோனா ஊரடங்கு தளர்ந்த கையோடு, கல்லடிக்குப் பக்கத்து மட்டக்களப்பு டவுனில் வாங்கியது. இத்தனை காலம் பாவித்துவிட்டுச் சொல்கிறேன்: திரையையும் அதற்குள் இருக்கும் ஸ்மார்ட்டையும் ஒரே சாமானாக நினைத்துக் காசு கொடுக்க வேண்டாம். எங்கள் திரை இன்னும் வாங்கிய நாள் மாதிரியே இருக்கிறது. ஸ்மார்ட் பகுதி எப்போதோ களைத்துவிட்டது.

காரணத்தில் மர்மம் ஒன்றும் இல்லை. எங்கள் ரீவியின் உள் சேமிப்பு 8 ஜீபி. அதில் பெரும்பகுதியை சிஸ்டமே பிடித்துக்கொள்கிறது. யூடியூப், நெட்பிளிக்ஸ், பிரைம் வீடியோ மூன்றையும் போட்டுவிட்டு இன்னும் ஒன்றிரண்டைப் போடப்போனால் இடம் இல்லை என்று சொல்லும். செயலிகள் வருஷத்துக்கு வருஷம் பெருத்துக்கொண்டே போகின்றன, உள்ளே இருக்கும் சிப் அதே சிப். அதைவிட, செயலிக்காரர்களே பழைய மாடல்களைக் கைவிடும் நாளும் வரும். 2010, 2011 காலத்துச் சில சாம்சங் ஸ்மார்ட் ரீவிகளில் 2019 டிசம்பரோடு நெட்பிளிக்ஸ் வேலை செய்வது நின்றது. திரை நன்றாக இருந்தும் அந்த ரீவிகளுக்கு அந்தக் கதி.

கடையில் பார்க்க வேண்டியது ஒன்று இருக்கிறது. பெட்டியில் அன்ட்ரொய்ட் என்று எழுதியிருந்தாலும் அது கூகுளின் ரீவிப் பதிப்பா, இல்லை போனுக்கான அன்ட்ரொய்டைத் தூக்கி ரீவிக்குள் போட்டதா என்று தெரியாது. இரண்டாவது வகையில் நெட்பிளிக்ஸ் ஓடாது, ஓடினாலும் படம் மங்கலாகத்தான் வரும். எச்டி தரத்தில் காட்டுவதற்கு வைட்வைன் என்ற காப்புமுறையின் எல்1 மட்டம் வேண்டும்; அனுமதி பெறாத ரீவிகளுக்கு அது பெரும்பாலும் கிடைப்பதில்லை. கடைக்காரர் சொல்வதைக் கேட்டுத் தலையாட்டாமல், உங்கள் போனில் ஹொட்ஸ்பொட் போட்டு, அங்கேயே நெட்பிளிக்ஸைத் திறந்து ஒரு படத்தை ஓடவிட்டுப் பாருங்கள். ஐந்து நிமிஷ வேலை.

வீட்டுக்குக் கொண்டுவந்து செட் பண்ணுவது ஒரு மாலை நேர வேலைதான். மொழி, வைஃபை, கூகுள் கணக்கு, அப்புறம் ஒரு நீண்ட அப்டேட். அந்த அப்டேட் முடியும்வரை வேறு எதையும் தொடாமல் விடுவது நல்லது. கூகுள் கணக்கு கேட்கும் இடத்தில் ரீவிக்கென்று தனியாக ஒன்று திறந்து கொடுங்கள் என்பேன். உங்கள் சொந்தக் கணக்கைக் கொடுத்தால், பிள்ளைகள் பார்க்கும் கார்ட்டூனும் மாமா பார்க்கும் அரசியல் பேச்சும் சேர்ந்து உங்கள் போன் யூடியூபில் வந்து நிற்கும். கடவுச்சொல்லை ரிமோட்டால் ஒவ்வொரு எழுத்தாக அடித்துக் கஷ்டப்படவும் தேவையில்லை. யூடியூபோ பிரைம் வீடியோவோ, திரையில் ஒரு குறியீடு காட்டும். அதைப் போனில் அடித்தால் ரீவி தானாக உள்ளே போய்விடும்.

நெட்பிளிக்ஸ் பற்றி ஒன்று. 2023 இல் ஒரு கணக்கு ஒரு வீட்டாருக்குத்தான் என்ற விதியை அவர்கள் பல நாடுகளுக்கும் விரித்தார்கள். சுவிஸிலும் கனடாவிலும் இருக்கிற சொந்தங்களின் கணக்கில் படம் பார்த்த வீடுகள் எங்கள் பக்கம் ஏராளம். போனில் பார்க்கிறவர்களைவிட ரீவியில் பார்க்கிறவர்களுக்குத்தான் இந்த விதி முதலில் தெரியவரும், ஏனென்றால் எது வீடு என்பதை அவர்கள் ரீவியையும் அது தொடுத்திருக்கும் இணைப்பையும் வைத்துத்தான் கணிக்கிறார்கள். மச்சான் தந்த பாஸ்வேர்ட் இருக்கிறது என்ற நம்பிக்கையில் பெரிய ரீவி வாங்குகிறவர்கள் இதை முதலே யோசிக்கட்டும்.

எங்கள் ரீவி மந்தமானது இரண்டாவது வருஷத்தின் கடைசியில். ரிமோட்டை அழுத்தினால் ஒரு மூச்சு கழித்துத்தான் நகரும். கொஞ்சக் காலம் செட்டிங்குக்குள் போய் ஒவ்வொரு செயலியும் தற்காலிகமாகச் சேர்த்து வைக்கும் கேஷை அழித்துச் சமாளித்தோம். கேஷ் மட்டும், பக்கத்தில் இருக்கும் டேட்டாவை அழித்தால் திரும்ப லொகின் செய்ய வேண்டிவரும். அழித்த அன்று நன்றாக ஓடும், இரண்டு கிழமையில் பழையபடி. கடைசியில், எச்டிஎம்ஐயில் செருகினால் செயலிகளைத் தானே ஓட்டும் ஒரு ஸ்டிக் வாங்கினோம். புது ரீவியின் விலையோடு பார்த்தால் அது ஒரு சின்னத் துண்டு. அன்றிலிருந்து ரீவியின் சொந்த ஸ்மார்ட்டை நாங்கள் தொடுவதே இல்லை. அதன் வைஃபையையும் துண்டித்துவிட்டேன்.

ஸ்டிக் வாங்குகிறவர்கள் கவனிக்க வேண்டிய இடம் கரண்ட். அதன் வயரை ரீவியின் யூஎஸ்பி துளையில் செருகினால் பார்க்க வடிவாக இருக்கும், சுவரில் இன்னொரு பிளக் தேவைப்படாது. ஆனால் சாதாரண யூஎஸ்பி 2 துளை தருவது அரை ஆம்பியர். ஸ்டிக் ஒரு ஆம்பியர் கேட்கும். மெனுவில் நிற்கும்வரை ஓடும். படம் தொடங்கிச் சிப் சூடேறும் நேரத்தில் திரை கறுத்து லோகோவோடு மறுபடி தொடங்கும். ஸ்டிக் பழுது என்று இதனால் கடைக்குத் திருப்பிக் கொண்டுபோகிறவர்கள் உண்டு. கூட வந்த அடப்டரைச் சுவரில் செருகினால் விஷயம் முடிந்தது. ரீவியை நிறுத்தினாலும் ஸ்டிக் விழித்தே இருக்கும் என்பதால் அடுத்த முறை போடும்போது உடனே வந்தும்விடும்.

இனி இன்டர்நெட் லைன். கல்லடியில் எங்கள் ஒழுங்கைக்கு ஃபைபர் பிந்தித்தான் வந்தது. அதுவரை 4ஜி ரவுட்டர். பகலில் பறக்கும், இரவு ஏழு மணியிலிருந்து பத்து மணி வரை, அதாவது எல்லாரும் ரீவிக்கு முன்னால் இருக்கும் நேரத்தில், கோபுரத்தில் கூட்டம் கூடிவிடும். “மனே, படம் சுத்துது” என்று அம்மா குசினிக்குள் வந்து சொல்வார். வேகத்தை போனில் பார்த்து ரீவியைக் குறை சொல்ல வேண்டாம், இரண்டும் இருக்கும் இடம் வேறு. ரீவி யூடியூபில் வீடியோ ஓடும்போது செட்டிங்கில் ‘ஸ்டட்ஸ் ஃபோ நேர்ட்ஸ்’ என்று ஒன்று இருக்கிறது. அதைப் போட்டால் ரீவிக்கு வரும் வேகமும், முன்கூட்டி எத்தனை விநாடி சேர்த்து வைத்திருக்கிறது என்பதும் மூலையில் ஓடிக்கொண்டிருக்கும். நெட்பிளிக்ஸ் கேட்பது 1080 தரத்துக்கு 5 எம்பிபிஎஸ், 4கேக்கு 15. நூறு எம்பிபிஎஸ் பக்கேஜ் எடுத்தும் படம் சுத்துகிற வீடுகளில் குற்றவாளி பெரும்பாலும் ரவுட்டருக்கும் ரீவிக்கும் நடுவில் இருக்கும் சுவர்தான். எங்கள் வீடு பழைய வீடு, சுவர் தடிப்பு. 5 கிகாஹேர்ட்ஸ் அலை அதைத் தாண்டி வரும்போது பாதி செத்துவிடும்; 2.4 தாண்டும், ஆனால் அக்கம்பக்கத்து ரவுட்டர்கள் எல்லாம் அதிலேதான் நெருக்குப்படுகின்றன. கதவு நிலையோடு ஒரு லேன் கேபிளை இழுத்து முடித்தேன். வடிவில்லை என்று வீட்டில் முணுமுணுப்பு வந்தது. படம் சுத்துவது நின்றதும் முணுமுணுப்பும் நின்றது.

அளந்து தரும் டேட்டா பக்கேஜில் இருக்கிறவர்கள் நெட்பிளிக்ஸில் ஒன்றைச் செய்தே ஆக வேண்டும். உயர்ந்த தரத்தில் எச்டி என்றால் மணிக்கு 3 ஜீபி, 4கே என்றால் 7 ஜீபி வரை இழுக்கும். நாளுக்கு இரண்டு மணி நேரம் எச்டி பார்த்தாலே மாதம் 180 ஜீபி. நடுத்தரத்தில் மணிக்கு 0.7 ஜீபிதான், அதே பார்வைக்கு மாதம் 42. இந்தத் தெரிவு ரீவிச் செயலிக்குள் இல்லை என்பதுதான் பலருக்குத் தெரியாத விஷயம். போனிலோ கணினியிலோ பிரவுசரில் கணக்கைத் திறந்து, ஒவ்வொரு சுயவிவரத்துக்கும் தனித்தனியாக மாற்ற வேண்டும். பிள்ளைகளின் சுயவிவரத்தைக் குறைத்து வைத்துவிட்டு எங்களுடையதை உயரத்தில் வைத்திருந்தோம். கார்ட்டூனுக்கு அது போதும், அவர்கள் இன்னும் கண்டுபிடிக்கவில்லை. யூடியூபில் வீடியோ ஓடும்போதே தரத்தை 720 இல் நிறுத்தலாம். செய்திக்கு அதற்கு மேல் தேவையில்லை. நள்ளிரவுக்குப் பிறகு தரும் நைட் டேட்டாவைப் பற்றி எனக்கு நல்ல அபிப்பிராயம் இல்லை. அந்த நேரத்தில் ரீவி பார்ப்பது யார்?

கரண்ட் போய் வரும் ஊரில் இன்னொரு வினோதமும் உண்டு. 2022 இல் நாளுக்கு 13 மணி நேரம் வரை வெட்டிய காலத்தில் இது அடிக்கடி நடந்தது. கரண்ட் வந்ததும் வைஃபை பிடித்திருக்கும், ஆனால் எந்தச் செயலியும் இணைப்பு இல்லை என்றே அடம்பிடிக்கும். காரணம் ரீவியின் திகதி. ரவுட்டர் எழும்ப முந்தியே ரீவி எழும்பிவிட்டால், சரியான நேரம் கிடைக்காமல் ஏதோ ஒரு பழைய திகதியில் நின்றுவிடும். செயலி பேசும் சேர்வரிடம் ஒரு பாதுகாப்புச் சான்றிதழ் இருக்கிறது, அதற்குத் தொடக்கத் திகதியும் முடிவுத் திகதியும் உண்டு. ரீவியின் கணக்கில் அந்தச் சான்றிதழ் இன்னும் பிறக்கவே இல்லை! தானியங்கித் திகதியை ஒருமுறை நிறுத்திவிட்டுத் திரும்பப் போட்டு, ரீவியை மறுபடி தொடக்கினால் சரி. கம்பனிக்காரருக்கே சான்றிதழ் காலை வாரிய கதையும் இருக்கிறது: 2025 மார்ச்சில் ரீவியில் செருகும் கூகுளின் இரண்டாம் தலைமுறை குரோம்காஸ்ட்கள் சான்றிதழ் காலாவதியாகி உலகம் முழுக்க நின்றன, சில நாளில் அப்டேட் அனுப்பிச் சரிசெய்தார்கள். அதற்கு முந்திய மாதம் பாணந்துறை உப மின்நிலையத்தில் ஒரு குரங்கு புகுந்து நாடே இருண்டதாகச் சொல்லப்பட்டது. அதற்கு மட்டும் அப்டேட் இல்லை.

ரவுட்டருக்கு ஒரு சின்ன 12 வோல்ட் யூபிஎஸ் வாங்கி வைத்த பிறகு திகதிப் பிரச்சினை அநேகமாக இல்லை. மின்னல் காலத்தில், சித்திரையிலும் ஐப்பசியிலும், பிளக்கைக் கழற்றுவதை இன்னும் விடவில்லை. லேன் கேபிளையும் கழற்ற வேண்டும். பிளக்கைக் கழற்றிவிட்டு அதை மறந்துபோகிறவர்கள்தான் அதிகம்.

மாரி மழைக்கு எங்கள் சீற்றுக் கூரை போடும் சத்தத்தில் ரீவியின் சொந்த ஸ்பீக்கர் எடுபடாது. அது பின்பக்கம் பார்த்துப் பேசுகிற ஸ்பீக்கர். பழைய ஹோம் தியேட்டர் ஒன்றைத் தூசி தட்டிக் கொழுவினோம். நெட்பிளிக்ஸில் மட்டும் சத்தம் வரவில்லை; ரீவியின் ஓடியோ வெளியீட்டை டொல்பியிலிருந்து பிசிஎம் என்ற சாதாரண வகைக்கு மாற்றியதும் வந்தது. பழைய அம்ப்ளிபயர்களுக்குப் புது டொல்பி வகைகள் புரியாது.

இவ்வளவும் செய்த ரீவியில் அதிகம் ஓடுவது என்ன என்று கேட்டால், காசு கட்டும் செயலி எதுவும் இல்லை. யூடியூப்தான். அம்மா பார்ப்பது வடமோடிக் கூத்து, வைகாசியில் கண்ணகி அம்மன் கோயில் குளிர்த்திச் சடங்கு, ஆடி அமாவாசைக்கு மாமாங்கக் கோயில் தீர்த்தம். நேரலையில் படம் மங்கலாக இருக்கிறது என்று ரீவியைத் திட்டக்கூடாது, அங்கே ஒருவர் சனநெரிசலுக்குள் நின்று போனால் அனுப்பிக்கொண்டிருக்கிறார். தங்கச்சி தீர்த்தக் கரையில் நின்று கோல் எடுத்தால், போனில் கேட்கும் மேளம் ரீவிக்கு வர அரை நிமிஷம் பிடிக்கும். அம்மாவுக்கு அது பிழையாகத் தெரியவில்லை. இரண்டு தரம் கும்பிடலாம் என்கிறார். ‘குளிர்த்தி’ என்று ரிமோட்டால் தேடுவது நடக்கிற காரியமில்லை. போன் யூடியூபை ரீவிக் குறியீட்டால் இணைத்து வைத்திருக்கிறோம். தமிழில் போனில் அடித்தால் ரீவியில் வரும்.

கடைசியாக ரிமோட். கடலுக்குக் கிட்ட இருக்கும் வீட்டில் முதலில் சாவது அதுதான். உப்புக் காற்றுக்குப் பற்றரி வைக்கும் இடத்துச் சுருள் கம்பி பச்சை பிடிக்கிறது. பற்றரியை மாற்றியும் வேலை செய்யாதபோது திறந்து பாருங்கள். பென்சில் அழிறப்பரால் தேய்த்தால் இன்னும் சில மாதம் ஓடும். அதுவும் முடியாமல் போனால் போனில் கூகுள் ரீவி செயலியைப் போட்டு அதையே ரிமோட்டாகப் பாவிக்கலாம், போனும் ஸ்டிக்கும் ஒரே வைஃபையில் இருந்தால் சரி. எங்கள் வீட்டில் இப்போது அப்படித்தான் நடக்கிறது. போன் யார் கையில் இருக்கிறதோ அவர் பார்ப்பதைத்தான் மற்றவர்களும் பார்க்க வேண்டியிருக்கிறது என்பதால் புது ரிமோட் ஒன்றுக்குச் சொல்லியிருக்கிறேன்.