மாங்குளத்தில் கை மாறும் ஹார்ட் டிஸ்க்: லோஞ்ச்பொக்ஸா, பிளேனைட்டா, இஎஸ்-டிஇயா?

எமுலேட்டர் (பழைய விளையாட்டுச் சாதனங்களைப் போலக் கணினியை நடந்துகொள்ள வைக்கும் நிரல்) விளையாட்டுகளையும் கணினி விளையாட்டுகளையும் ஒரே திரையில் அட்டைப்படங்களோடு அடுக்கித் தருகிற லாஞ்சர்களில் எது நல்லது என்று கேட்டால், பெரும்பாலும் திரையின் அழகைப் பற்றித்தான் பதில் வரும். அழகில் எதுவும் குறைவில்லை. தீம் மாற்றினால் எல்லாமே மினுங்கும். முதல் நாளில் நூறு விளையாட்டுகளை ஒரேயடியாகச் சேர்ப்பதும் எதிலும் பெரிய பாடில்லை. ஆறு மாதம் கழித்து நூற்றோராவது விளையாட்டை யார் சேர்ப்பது, எப்படிச் சேர்ப்பது என்ற இடத்தில்தான் இவை பிரிகின்றன. இந்த அலசல் முழுவதும் ஏறக்குறைய அந்த ஒரு கேள்வியைப் பற்றியதுதான்.

எங்கள் குடும்பத்தில் இருப்பது ஒரே ஒரு வெளி ஹார்ட் டிஸ்க். கிளிநொச்சியில் என் வீட்டிலும், மல்லாவியில் அக்கா வீட்டிலும், பள்ளி விடுமுறை வந்தால் ஒட்டுசுட்டானில் சித்தப்பா வீட்டிலும் அது சுற்றுகிறது. பெரும்பாலும் மாங்குளம் சந்தியில் கை மாறும். கிளிநொச்சியில் எனக்குப் பைபர் இணைப்பு இருக்கிறது. மல்லாவியில் அக்காவின் கைபேசி டேட்டாதான், அதுவும் மருமக்களின் ஒன்லைன் வகுப்புக்குப் போக மிஞ்சினால். மூன்று வீட்டிலும் மூன்று விதமான விண்டோஸ் கணினிகள். ஒன்றில் டிஸ்க் ‘டி’ என்று வரும், இன்னொன்றில் ‘எஃப்’ என்று வரும்.

ஓர் இடைக்குறிப்பு. பிளேஸ்டேஷன் 1994இல் ஜப்பானில் வெளிவந்தபோது வன்னியில் மின்சாரம் இல்லை. பற்றரியே தடைசெய்யப்பட்ட பொருளாக இருந்த காலம் அது. ஆகவே என் வயதுக்காரர்களுக்கு இவை பழைய நினைவுகள் அல்ல. மருமகனும் நானும் ஒரே நேரத்தில்தான் இவற்றை முதன்முறையாக விளையாடுகிறோம். அவன் என்னைவிடக் கெட்டிக்காரன் என்பது வேறு கதை. (கோப்புகள் உங்கள் சொந்த இறுவட்டுகளிலிருந்து எடுத்தவை என்று வைத்துக்கொண்டே மேலே செல்கிறேன்.)

போட்டிக்கு வராதவற்றை முதலில் ஒதுக்கிவிடலாம். பல எமுலேட்டர்களை ஒன்றாகத் தருகிற ரெட்ரோஆர்ச்சுக்குள்ளேயே பட்டியல் வசதி இருக்கிறது. ஆனால் அது எமுலேட்டர்களின் உலகம். கணினி விளையாட்டை அதற்குள் கொண்டுவந்து அடுக்க முடியாது. கணினி விளையாட்டுக் கடையான ஸ்டீமில் வெளி விளையாட்டுகளைச் சேர்க்கும் வசதியும் உண்டு. ஒன்றிரண்டுக்குச் சரி, நூற்றுக்கணக்கில் சேர்க்க அது உருவாக்கப்படவில்லை.

லோஞ்ச்பொக்ஸ்

டொஸ்பொக்ஸ் என்ற எமுலேட்டருக்கான முகப்பாகத் தொடங்கி வளர்ந்தது இது. விண்டோஸில் இயங்குகிறது, ஆண்ட்ராய்டுக்கும் ஒரு பதிப்பு உண்டு. இலவசப் பதிப்பே பெரும்பாலானவர்களுக்குப் போதும். தொலைக்காட்சித் திரைக்கான பிக் பொக்ஸ் வேண்டுமென்றால் காசு கட்ட வேண்டும். நான் கட்டவில்லை, ஆகவே அதைப் பற்றித் தீர்ப்புச் சொல்ல மாட்டேன்.

விளையாட்டைச் சேர்ப்பதற்கு ஒரு வழிகாட்டித் திரை இருக்கிறது. கோப்புகளை இழுத்துப் போட்டால் அது எழும்பி வந்து கேட்கத் தொடங்கும். எந்தச் சாதனத்தின் விளையாட்டு? எந்த எமுலேட்டர்? கோப்பு இருக்கிற இடத்திலேயே இருக்கட்டுமா, லோஞ்ச்பொக்ஸின் கோப்புறைக்கு நகர்த்தவா, பிரதியெடுக்கவா? என்னென்ன படங்கள் வேண்டும்? ஒவ்வொரு கேள்வியும் நியாயமானது. ஒருமுறை உட்கார்ந்து பெரிய தொகுப்பைச் சேர்க்கிறவருக்கு இதைவிட ஒழுங்கான வழி இல்லை. ஆனால் ஒரே ஒரு கோப்பை வைத்துக்கொண்டு நிற்கிற பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்கு இது பரீட்சைத்தாள். பிரதியெடு என்பதைத் தேர்ந்தால் ஒரே விளையாட்டு டிஸ்க்கில் இரண்டு இடத்தில் இருக்கும். படங்களின் பட்டியலில் தேவையற்றவற்றின் தெரிவை நீக்காவிட்டால் முன்னட்டை, பின்னட்டை, இலச்சினை, திரைப்பிடிப்பு என்று எல்லாம் இறங்கி அன்றைய டேட்டாவைக் குடித்துவிடும்.

டிஸ்க் இடம் மாறுவதை லோஞ்ச்பொக்ஸ் நன்றாகவே தாங்குகிறது என்பதையும் சொல்ல வேண்டும். விளையாட்டுகளும் லோஞ்ச்பொக்ஸும் ஒரே டிஸ்க்கில் இருந்தால் பாதைகளை அது சார்புப் பாதையாக, அதாவது ‘இங்கிருந்து இரண்டு கோப்புறை தள்ளி’ என்ற முறையில்தான் எழுதி வைக்கும். டிரைவ் எழுத்து மாறினாலும் பெரிய குழப்பம் வராது. என் சிக்கல் வேறு இடத்தில். பட்டியல் என்பது அதன் எக்ஸ்எம்எல் கோப்புகளில் இருக்கிறது, விளையாட்டு என்பது கோப்புறையில் இருக்கிறது. யாராவது கோப்புறையில் எதையாவது போட்டாலோ எடுத்தாலோ பட்டியல் தானாக ஒத்துக்கொள்ளும் என்று நம்பியிருக்க முடியாது. அழித்த விளையாட்டின் அட்டைப்படம் சிரித்துக்கொண்டே நிற்கும். அதை நீக்க ‘காணாமல் போன கோப்புகளைத் தேடு’ என்ற கட்டளையைக் கொடுக்க வேண்டும். எனக்குத் தெரியும், கொடுப்பேன். அக்காவுக்கு அது எதற்கு?

பிளேனைட்

ஸ்டீம், எபிக், ஜிஓஜி என்று பல கடைகளில் கணினி விளையாட்டு வாங்கி வைத்திருப்பவர்கள் இதற்குமேல் படிக்காமல் பிளேனைட்டை எடுத்துக்கொள்ளலாம். திறந்த மூல மென்பொருள், முழுக்க இலவசம், தொலைக்காட்சிக்கான முழுத்திரை வடிவமும் இலவசம். கணக்கை ஒருமுறை இணைத்துவிட்டால் வாங்கிய விளையாட்டுகள் தாமாகவே வந்து சேரும். இந்த வேலையில் இங்கே அதை அடிக்க ஆள் இல்லை.

எமுலேட்டர் பக்கமும் மோசமில்லை. கோப்புறையைக் காட்டினால் ஒவ்வொரு கோப்பின் சரிபார்ப்பு எண்ணையும் கணக்கிட்டு, அறியப்பட்ட பட்டியல்களோடு ஒப்பிட்டு, இது இன்ன விளையாட்டு என்று கண்டுபிடிக்கும். கோப்பின் பெயர் கோணல்மாணலாக இருந்தாலும் பெரும்பாலும் பிடித்துவிடும். சார்புப் பாதையில் சேர்க்கும் தெரிவும் உண்டு, அதைத் தேர்ந்துகொள்ள வேண்டும்.

ஆனால் பிளேனைட் தன் விபரங்களை ஒரு தரவுத்தளக் கோப்புக்குள் வைத்திருக்கிறது. படங்களின் பெயர்கள் மனிதர் படிக்கிற பெயர்கள் அல்ல, நீண்ட எண்ணும் எழுத்துமான கலவை. கிளிநொச்சியில் நான் இறக்கிய ஓர் அட்டைப்படத்தை மல்லாவிக்குப் பென் டிரைவில் அனுப்பி, இதை இந்தக் கோப்புறையில் போடு என்று தொலைபேசியில் சொல்ல முடியாது. அங்கே நிரலைத் திறந்து, விளையாட்டைத் தேர்ந்து, திருத்தும் திரையில் கொண்டுபோய் வைக்க வேண்டும். ஒரு விளையாட்டுக்கு அது ஒரு நிமிட வேலை. பத்து விளையாட்டுக்கு ஒரு சண்டை.

இஎஸ்-டிஇ

நான் எடுத்தது இதைத்தான். எமுலேஷன்ஸ்டேஷன் என்ற பழைய நிரலின் வழிவந்தது. விண்டோஸ், லினக்ஸ், மெக் மூன்றிலும் இலவசம், ஆண்ட்ராய்டில் மட்டும் கட்டணம். விண்டோஸுக்கான கையடக்கப் பதிப்பை, அதாவது கணினியில் நிறுவாமலே ஓடும் பதிப்பை, ஜிப் கோப்பாக இறக்கி, டிஸ்க்கில் விரித்தால் முடிந்தது. அதற்குள்ளேயே விளையாட்டுகளுக்கு ஒரு கோப்புறை, எமுலேட்டர்களுக்கு ஒரு கோப்புறை. ரெட்ரோஆர்ச்சை அந்த எமுலேட்டர் கோப்புறையில் வைத்தால் தானே கண்டுபிடித்துக்கொள்ளும்.

இதில் ‘சேர்ப்பது’ என்று ஒரு தனி வேலை இல்லை. ஒவ்வொரு சாதனத்துக்கும் ஒரு கோப்புறை இருக்கிறது. சுப்பர் நின்டெண்டோவுக்கு ஒன்று, பிளேஸ்டேஷனுக்கு ஒன்று. கோப்பை உரிய கோப்புறையில் போட்டுவிட்டு நிரலை மூடித் திறந்தால் விளையாட்டு பட்டியலில் நிற்கும். அழித்தால் போய்விடும். விளையாட்டே இல்லாத சாதனம் திரையிலும் வராது. எந்தக் கேள்வியும் கேட்கப்படுவதில்லை, ஏனென்றால் கோப்பை எங்கே போட்டீர்கள் என்பதே எல்லாவற்றுக்கும் பதில். மருமகனுக்கு நான் சொல்லிக்கொடுத்தது இந்த ஒரு வசனம்தான்.

படங்களிலும் இதே எளிமை. படங்களுக்கென்று இருக்கும் கோப்புறைக்குள் சாதன வாரியாகவும், அதற்குள் அட்டைப்படம், திரைப்பிடிப்பு, காணொளி என்று வகை வாரியாகவும் உட்பிரிவுகள் உண்டு. படத்தின் பெயரும் விளையாட்டுக் கோப்பின் பெயரும் ஒன்றாக இருந்தால் போதும், இரண்டும் பொருந்திக்கொள்ளும். ஆகவே இணைய வேலையெல்லாம் கிளிநொச்சியில் நடக்கிறது. விளையாட்டுகளின் படங்களைத் தருகிற ஸ்கிரீன்ஸ்கிரேப்பர் தளத்தில் இலவசக் கணக்கு ஒன்று திறந்து, அந்த விபரத்தை நிரலில் கொடுத்துப் படங்களை இறக்குகிறேன். ஒரு நாளைக்கு இவ்வளவுதான் என்று அந்தத் தளம் வரம்பு வைத்திருக்கிறது, பெரிய தொகுப்பென்றால் இரண்டு மூன்று இரவுகளாகப் பிரித்துக்கொள்ளுங்கள். காணொளிகளை நிறுத்திவிட்டால் பாரம் வெகுவாகக் குறையும். டிஸ்க் மல்லாவியில் இருக்கும்போது புதிய விளையாட்டு கிடைத்தால், விளையாட்டுக் கோப்பையும் அதே பெயருள்ள படத்தையும் பென் டிரைவில் போட்டு, அந்தப் பக்கம் போகிற யாரிடமாவது கொடுத்துவிடுகிறேன். அங்கே ஒரு எம்பி டேட்டாவும் செலவாவதில்லை.

மின்வெட்டைப் பற்றியும் இங்கேதான் சொல்ல வேண்டும். எழுதிக்கொண்டிருக்கும் நேரத்தில் மின்சாரம் போனால் எந்த லாஞ்சரின் தரவுக் கோப்பும் பழுதாகலாம். லோஞ்ச்பொக்ஸ் தானாகவே காப்புப் பிரதி எடுத்து வைக்கிறது, பாராட்டத்தான் வேண்டும். இஎஸ்-டிஇயில் இழப்பே சிறியது. அதன் பட்டியல் கோப்பு முழுவதும் அழிந்தாலும் விளையாட்டுகள் திரையில் வரும், ஏனென்றால் அவை கோப்புறையைப் பார்த்துத்தான் வருகின்றன. படங்களும் இருக்கும். போவது கதைக்குறிப்பும், பிடித்தவை என்ற குறியும், எத்தனை தடவை விளையாடினோம் என்ற கணக்கும்.

இனி அதன் பலவீனம். கணினி விளையாட்டுகளைப் பிளேனைட் போல இது தானாகக் கொண்டுவருவதில்லை. ஒவ்வொன்றுக்கும் குறுக்குவழிக் கோப்பு ஒன்றை உருவாக்கி உரிய கோப்புறையில் வைக்க வேண்டும். ஸ்டீம் விளையாட்டென்றால் பரவாயில்லை. அந்தக் குறுக்குவழிக்குள் இருப்பது பாதை அல்ல, விளையாட்டின் எண். அந்த விளையாட்டு நிறுவப்பட்டிருக்கிற எந்தக் கணினியிலும் அது திறக்கும். மற்றக் கணினி விளையாட்டுகளின் சாதாரணக் குறுக்குவழிக்குள் டிரைவ் எழுத்தோடு சேர்ந்த முழுப்பாதை இருக்கிறது. டிஸ்க் ‘டி’யிலிருந்து ‘எஃப்’ ஆனதும் சொடுக்கினாலும் ஒன்றும் நடக்காமல் போகலாம். அதனால் அவற்றுக்கு நான் இரண்டு வரி பேட்ச் (.bat) கோப்பு, அதாவது கட்டளைகளை வரிசையாக ஓட்டும் கோப்பு, எழுதுகிறேன். முதல் வரி, இந்தக் கோப்பு இருக்கும் இடத்திலிருந்து தொடங்கி விளையாட்டின் கோப்புறைக்குப் போ என்பது. அடுத்த வரி, விளையாட்டைத் திற என்பது. ஒருமுறை எழுதிவிட்டால் எந்த எழுத்திலும் ஓடும். ஆனால் இது பிள்ளைகள் செய்யும் வேலை அல்ல, நான்தான் செய்கிறேன். உங்கள் தொகுப்பில் பாதிக்கு மேல் கணினி விளையாட்டுகள் என்றால் என் தெரிவு உங்களுக்குப் பொருந்தாது. எங்களிடம் அவை பத்துக்கு ஒன்று.

எதை எடுத்தாலும் செய்ய வேண்டியது ஒன்று உண்டு. பிளேஸ்டேஷன் இறுவட்டு ஒன்றைக் கணினிக்கு எடுத்தால் ‘பின்’ (.bin) கோப்பும் ‘கியூ’ (.cue) கோப்பும் என்று குறைந்தது இரண்டு வரும். இரண்டையும் அப்படியே கோப்புறையில் போட்டால் இஎஸ்-டிஇயின் பட்டியலில் ஒரே விளையாட்டு இரண்டு தடவை நிற்கும். ஆர்கேட் விளையாட்டுகளுக்கான மேம் எமுலேட்டரோடு வருகிற சிஎச்டிமேன் என்ற கருவியால் இரண்டையும் ஒரே சிஎச்டி கோப்பாகச் சுருக்கிவிட்டால் இரட்டிப்பும் போகும், இடமும் மிச்சம். பைனல் ஃபேன்டஸி 7 போல மூன்று இறுவட்டுகளில் வந்த விளையாட்டுக்கு, மூன்று சிஎச்டி கோப்புகளின் பெயரையும் வரிக்கு ஒன்றாக எழுதிய எம்3யூ (.m3u) என்ற பட்டியல் கோப்பு வேண்டும். இஎஸ்-டிஇயில் ஒரு வசதி: கோப்புறைக்கே எம்3யூ கோப்பின் பெயரை ‘.m3u’ என்ற வாலோடு சேர்த்து வைத்து, அதற்குள் எல்லாவற்றையும் போட்டுவிட்டால் வெளியே ஒரே விளையாட்டாகத் தெரியும்.

ஆர்கேட் விளையாட்டுகளில், அதாவது காசு போட்டு ஆடுகிற இயந்திரங்களின் விளையாட்டுகளில், எனக்கு அனுபவம் குறைவு, சிலவற்றைத்தான் சேர்த்திருக்கிறேன். மற்ற எல்லாக் கோப்புகளுக்கும் படிக்கக்கூடிய நல்ல பெயர் வை என்று மருமகனைப் பழக்கிவிட்டு, இங்கே மட்டும் பெயரில் கை வைக்காதே என்று சொல்ல வேண்டியிருக்கிறது. மேம் எமுலேட்டர் ஜிப் கோப்பை அதன் குறும்பெயரால்தான் அடையாளம் காண்கிறது. பெயரை அழகாக்கினால் விளையாட்டு திறக்காது. அந்தக் குறும்பெயரை முழுப்பெயராக மாற்றித் திரையில் காட்டும் வேலையை இஎஸ்-டிஇ தானே செய்துகொள்கிறது. திறக்காத ஆர்கேட் விளையாட்டு வந்தால், லாஞ்சரைத் திட்டுவதற்கு முன் அந்த ஜிப் எந்த மேம் பதிப்புக்கு உரியது என்று பாருங்கள்.