எடுப்பது எளிது, வெளியே கொண்டுவருவதே பாடு: கேம் ஸ்கிரீன்ஷாட் வசதிகள் குறித்த ஒரு மதிப்பீடு

கடந்த சில ஆண்டுகளாக நின்டெண்டோ ஸ்விட்ச், பிளேஸ்டேஷன் 5, எக்ஸ்பாக்ஸ் சீரீஸ் எக்ஸ் என்ற கேம் கன்சோல்கள், கணினி, ஸ்டீம் டெக் என்ற கையடக்க ஆட்டக் கணினி, கைபேசி ஆகிய எல்லாவற்றிலும் மாறி மாறி ஆடி வருகிறேன். எதில் ஆடினாலும் ஸ்கிரீன்ஷாட் எடுக்காமல் ஒரு நாளும் எழுந்ததில்லை. அந்தப் பழக்கத்தின் பலத்தில்தான் இந்த மதிப்பீட்டை எழுதுகிறேன். படம் பிடிப்பது என்ற வேலையை எல்லா நிறுவனங்களும் ஏறத்தாழச் சரியாகவே செய்துவிட்டன. பிடித்த படம் எந்தத் தரத்தில், எத்தனை படிகளைத் தாண்டி நண்பரின் கைபேசிக்குப் போய்ச் சேருகிறது என்பதில்தான் ஒன்றுக்கொன்று மலைக்கும் மடுவுக்குமான வேறுபாடு இருக்கிறது.

விரலுக்கு மிக இணக்கமானது 2017-இல் வந்த ஸ்விட்ச். இடப்பக்க ஜாய்கானின் (ஸ்விட்சின் பக்கவாட்டில் பொருத்தும் கன்ட்ரோலர்) கீழ்ப்பகுதியில், நடுவில் வட்டக் குழியுடன் ஒரு சிறிய சதுரப் பொத்தான் இருக்கிறது. அதற்குப் படம் பிடிப்பதைத் தவிர வேறு வேலையே கிடையாது. ஒருமுறை தட்டினால் மெல்லிய ஒலியுடன் படம் பதிவாகி, திரையின் இடப்பக்க மேல்மூலையில் ஒரு சிறு அறிவிப்பு வந்து மறையும். ஆட்டம் நிற்காது, எந்தப் பட்டியலும் திறக்காது. அழுத்திப் பிடித்தால், வீடியோப் பதிவை அனுமதிக்கும் ஆட்டங்களில், கடைசி 30 நொடிகள் வீடியோவாகச் சேமிக்கப்படும். ஆனால் டாக்கில் (டிவியுடன் இணைக்கும் தாங்கியில்) பொருத்திப் பெரிய திரையில் 1080p-இல், அதாவது 1920x1080 புள்ளிகளில் ஆடினாலும், படம் 1280x720 புள்ளிகள் அளவுள்ள ஜேபெக் கோப்பாகத்தான் கிடைக்கிறது. கைபேசியில் பார்க்க அது போதும். பெரிய திரையில் விரித்துப் பார்த்தால், தொலைவில் தெரியும் மரங்களின் இலைகள் பசைபோல ஒட்டிக்கொண்டிருக்கும்.

அந்தப் படத்தைக் கைபேசிக்கு அனுப்பும் முறையைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். ஆல்பத்தைத் திறந்து, படத்தைத் தேர்ந்தெடுத்து, கைபேசிக்கு அனுப்பும் வசதியைத் தட்டினால், திரையில் ஒரு க்யூஆர் குறியீடு வரும். அதைக் கைபேசியில் ஸ்கேன் செய்தால், கைபேசி வீட்டு வைஃபையை விட்டுவிட்டு ஸ்விட்ச் தானே உருவாக்கும் வைஃபையில் இணையும். அதன்பின் இரண்டாவது குறியீடு வரும், அதை ஸ்கேன் செய்தால் பிரவுசரில் ஒரு பக்கம் திறக்கும், அங்கே படத்தை விரலால் அழுத்திப் பிடித்துச் சேமிக்க வேண்டும். ஒரு தடவைக்குப் பத்துப் படங்கள் வரைதான் அனுப்ப முடியும், வீடியோ என்றால் ஒன்றுதான். இணையம் இல்லாத இடத்திலும் இது வேலை செய்யும் என்பது உண்மையான நன்மை. ஆனால் நூறு படங்களை அனுப்ப வேண்டுமானால் இதே சடங்கைப் பத்து முறை செய்தாக வேண்டும். அதற்குப் பதிலாக யூஎஸ்பி கேபிளால் கணினியில் இணைப்பதோ, மைக்ரோ எஸ்டி கார்டைக் கழற்றி நேரடியாகப் படிப்பதோ நல்லது. கார்டில் ஆண்டு, மாதம், நாள் என்று கோப்புறைகள் ஒழுங்காக அடுக்கப்பட்டிருக்கும். எந்த ஆட்டத்தின் படம் என்பது மட்டும் கோப்பின் பெயரைப் பார்த்துத் தெரியாது. தேதிக்குப் பின்னால் புரியாத எழுத்துச் சரம் ஒன்றுதான் நிற்கும். 2025 ஜூனில் வந்த ஸ்விட்ச் 2, கைபேசிச் செயலிக்குப் படங்களைத் தானாகவே பதிவேற்றும் வசதியைக் கொண்டுவந்திருக்கிறது. இந்த ஒரு மாற்றத்தைத்தான் நான் எட்டு ஆண்டுகளாக எதிர்பார்த்துக்கொண்டிருந்தேன்.

பிளேஸ்டேஷன் 5-இன் கன்ட்ரோலரில் இந்த வேலைக்கு இருப்பது கிரியேட் பொத்தான். பெட்டியிலிருந்து எடுத்தவுடன் இருக்கும் அமைப்பில், ஒருமுறை தட்டினால் படம் எடுக்கப்படாது, ஒரு பட்டியல்தான் திறக்கும். படம் வேண்டுமென்றால் அழுத்திப் பிடிக்க வேண்டும். ஓர் எதிரி பறந்து விழும் அரை நொடியைப் பிடிக்க நினைப்பவருக்கு இந்த ஏற்பாடு பொருந்தாது. நல்லவேளையாக, அமைப்புகளுக்குள் சென்று இதை மாற்றிக்கொள்ளலாம். எளிய ஸ்கிரீன்ஷாட் முறையைத் தேர்ந்தெடுத்தால் ஒரு தட்டிலேயே படம் விழும். புதிதாக வாங்குபவர்கள் முதல் நாளே இதைச் செய்துவிட வேண்டும் என்று வற்புறுத்திச் சொல்வேன். படங்களை ஜேபெக் (தரத்தைச் சற்றுக் குறைத்துச் சுருக்குவது), பிஎன்ஜி (தரம் குறையாதது) என்ற இரண்டு வடிவங்களில் ஒன்றாகச் சேமிக்கலாம் என்பதும், டிராஃபி (ஆட்டத்தில் ஒரு சாதனைக்குத் தரப்படும் விருது) கிடைக்கும் கணத்தில் தானாகவே ஒரு படம் எடுக்கப்படுவதும் இதன் சிறப்புகள். அந்தத் தானியங்கிப் படங்களைப் பின்னர் புரட்டிப் பார்ப்பது ஒரு நாட்குறிப்பைப் படிப்பது போன்ற இன்பத்தைத் தரும். சில ஆட்டங்கள் கதையின் முக்கியக் காட்சிகளில் படம் எடுப்பதையே தடுத்துவிடுகின்றன. அது ஆட்டத்தை உருவாக்கியவர்களின் முடிவு என்பதால் கன்சோலைக் குறை சொல்வதில் பொருளில்லை.

எக்ஸ்பாக்ஸைப் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை, ஏனெனில் அது சொன்ன வேலையைச் செய்கிறது. 2020-இல் வந்த கன்ட்ரோலரின் நடுவில் இருக்கும் ஷேர் பொத்தானைத் தட்டினால் படம், அழுத்திப் பிடித்தால் வீடியோ. சிறிது நேரத்தில் கைபேசிச் செயலியில் அது வந்து நிற்கும்.

இந்தச் செயலிகள் இன்று இவ்வளவு முக்கியமானதற்கு ஒரு காரணம் உண்டு. முன்பெல்லாம் கன்சோலிலிருந்து நேரடியாக ட்விட்டரில் பதிவிட முடிந்தது. எக்ஸ்பாக்ஸில் 2023 ஏப்ரலிலும், பிளேஸ்டேஷனில் 2023 நவம்பரிலும், ஸ்விட்சில் 2024 ஜூனிலும் அந்த வழி அடைபட்டது. ஆகவே இப்போது கைபேசிச் செயலியே முதன்மையான பாதை. ஆனால் அந்தப் பாதையில் காலக்கெடு இருக்கிறது. பிளேஸ்டேஷன் செயலியில் தானாகப் பதிவேறிய படங்கள் 14 நாட்களும், எக்ஸ்பாக்ஸ் வலையமைப்பில் 90 நாட்களும்தான் இருக்கும்.

இதை நான் பட்டுத்தான் தெரிந்துகொண்டேன். எந்தச் சாதனம் என்பது இங்கே முக்கியமில்லை. தங்கையும் நானும் இரண்டு இரவுகள் கண்விழித்துச் சேர்ந்து முடித்த ஓர் ஆட்டத்தின் இறுதிக் காட்சியை அப்படித்தான் இழந்தேன். இருவரின் கதாபாத்திரங்களும் மலையுச்சியில் முதுகோடு முதுகு சாய்ந்து நிற்கும் படம் அது. செயலியில் பத்திரமாக இருக்கிறது என்று நம்பி, இடம் போதாமல் கன்சோலிலிருந்து அதை அழித்தேன். சில வாரங்கள் கழித்து அவள் கேட்டபோது செயலியைத் திறந்தால் அங்கே வெறும் சாம்பல் நிறப் பக்கம்தான் இருந்தது. அன்றிலிருந்து, பிடித்த படத்தை அன்றிரவே கைபேசியின் சொந்தச் சேமிப்புக்கு மாற்றாமல் படுப்பதில்லை.

கணினியில் ஸ்டீம் என்ற இணைய ஆட்டக் கடையின் வழியாக ஆடுபவர்களுக்கு எஃப்12 விசை போதும். வழக்கமாக ஜேபெக்காகச் சேமிக்கும், அமைப்புகளில் சொன்னால் சுருக்கப்படாத ஒரு பிரதியையும் நாம் விரும்பும் கோப்புறையில் வைக்கும். இதை இயக்கி வைத்துக்கொள்வது மிக நல்லது, ஏனெனில் ஸ்டீம் தன் வழக்கமான படங்களை ஆட்டத்தின் பெயரால் அடுக்காமல், வெறும் எண்களைப் பெயராகக் கொண்ட கோப்புறைகளுக்குள் வைக்கிறது. பகிரும் வசதியில் ஸ்டீமை மிஞ்ச ஆளில்லை என்பது என் கருத்து. பதிவேற்றும்போதே எல்லோரும் பார்க்கலாமா, நண்பர்கள் மட்டுமா, நான் மட்டுமா என்று தேர்ந்தெடுக்கலாம். கதையின் திருப்பத்தை வெளிப்படுத்தும் படம் என்றால் அதைக் குறித்தும் வைக்கலாம். இன்னும் ஆடி முடிக்காத நண்பர் மீதுள்ள அக்கறையை ஒரு மென்பொருள் இப்படி நினைவுபடுத்துவதை நான் மனதார மதிக்கிறேன். ஸ்டீம் டெக்கில் ஸ்டீம் பொத்தானையும் ஆர்1-ஐயும் சேர்த்து அழுத்த வேண்டும். இரண்டு கைகளும் தேவைப்படுவதால் பரபரப்பான சண்டையின் நடுவே அது எளிதில் வராது. ஸ்டீமுக்கு வெளியே உள்ள ஆட்டங்களுக்கு விண்டோஸில் கேம் பார் என்ற பதிவு வசதி இருக்கிறது. விண்டோஸ் விசை, ஆல்ட், பிரிண்ட் ஸ்கிரீன் மூன்றையும் ஒன்றாக அழுத்தினால், படம் வீடியோக்களுக்கான கோப்புறைக்குள் உள்ள கேப்சர்ஸ் என்ற இடத்தில் போய் விழும். படத்தை வீடியோக் கோப்புறையில் தேட வேண்டும் என்று யாருக்கும் முதலில் தோன்றாது.

மிகப் பிரகாசமான ஒளியையும் ஆழ்ந்த இருளையும் ஒருசேரக் காட்டும் எச்டிஆர் திரையில் ஆடுபவர்களுக்குத் தனியாக ஒரு தலைவலி உண்டு. ஆட்டத்தில் பளபளவென்று தெரிந்த சூரிய அஸ்தமனம், படமாக எடுத்து அனுப்பியதும் வெளிறிப்போய், மேகங்களின் விளிம்பெல்லாம் வெள்ளையாகக் கரைந்து தெரியும். அந்தத் திரை காட்டும் ஒளியளவுகளின் விரிவைச் சாதாரணப் படக்கோப்பால் தாங்க முடியாததால், சுருக்கும்போது நுணுக்கங்கள் தொலைந்துபோகின்றன. எக்ஸ்பாக்ஸும் விண்டோஸும் இதற்காக ஜேஎக்ஸ்ஆர் என்ற வடிவில் ஒரு கோப்பைச் சேமிக்கும். அது நிறங்களை முழுமையாகக் காப்பாற்றினாலும், பெரும்பாலான கைபேசிகளில் திறக்காது. அதனால் பகிர்வதற்கென்றே படம் எடுக்கும் நாட்களில், நான் எச்டிஆரை அணைத்துவிட்டு ஆடுகிறேன்.

கைபேசியில் எடுப்பதும் அனுப்புவதும் ஒரே சாதனத்தில் நடப்பதால், வேகத்தில் அதற்கே முதலிடம். பவர் பொத்தானையும் ஒலியளவுப் பொத்தானையும் சேர்த்து அழுத்தினால் முடிந்தது. ஆனால் ஆட்டத்தின் மேல் படர்ந்திருக்கும் தொடுபொத்தான்களும், அந்த நேரம் பார்த்து மேலிருந்து இறங்கும் செய்தி அறிவிப்பும் படத்தில் அப்படியே பதிந்துவிடும். ஆடத் தொடங்குமுன் அறிவிப்புகளை நிறுத்திவைப்பதும், மூலையில் தெரியும் மற்ற ஆட்டக்காரர்களின் பெயர்களை வெட்டிவிட்டு அனுப்புவதும் அவசியம்.

கடைசிப் படியில்தான் பலரும் தங்கள் உழைப்பை வீணாக்குகிறார்கள். 4கே அளவில், பிஎன்ஜி வடிவில் கவனமாக எடுத்த படத்தை வாட்ஸ்அப்பில் சாதாரணப் படமாக அனுப்பினால், அது சுருக்கப்பட்டுத்தான் போய்ச் சேரும். அதையே டாக்குமென்ட்டாக இணைத்து அனுப்பினால் மூலக்கோப்பு அப்படியே கிடைக்கும். அந்த மலையுச்சிப் படத்துக்காகத் தங்கையும் நானும் இறுதிக் கட்டத்தை மறுபடியும் ஆடினோம். இம்முறை எடுத்த படத்தை டாக்குமென்ட்டாகவே அவளுக்கு அனுப்பினேன். பெரிதாக்கிப் பார்த்தவள், தன் கதாபாத்திரத்தின் தோள்பட்டைக் கவசத்தில் என் கதாபாத்திரத்தின் முகம் பிரதிபலிப்பதைக் கண்டுபிடித்துச் சொன்னாள். ஆடும்போது நான் அதைக் கவனிக்கவே இல்லை.