மஃபின் ட்ரேக்கு 58 டாலர் 40 சென்ட் தண்டம்: வாங்கும் முன் இதைப் படித்துவிடுங்கள்

"இந்தப் பொருள் மஃபின் செய்வதற்கானது, இறைச்சி சமைப்பதற்கானது அல்ல. உங்கள் புரிதலுக்கு நன்றி."

இன்று காலை எனக்கு வந்த பதில் இது. முப்பத்திரண்டாம் நாள் வரை இழுத்தடித்துவிட்டு இந்த ஒரு வரியில் கதையை முடித்துவிட்டார்கள். நான் கொடுத்தது 58 டாலர் 40 சென்ட். திரும்பி வந்தது பூஜ்ஜியம். சூடு ஆறுவதற்குள் எழுதிவிட வேண்டும் என்று உட்கார்ந்திருக்கிறேன், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

விற்ற இடத்தின் பெயரைச் சொல்லப் போவதில்லை. குண்டூசி முதல் சோபா வரை விற்கும் பெரிய ஆன்லைன் சந்தை ஒன்று, அதற்குள் கடை விரித்திருக்கும் வெளி விற்பனையாளர் ஒருவர். அவ்வளவு போதும். அடுத்தவர் ஏமாறாமல் இருக்க ஐந்து விஷயம் வைத்திருக்கிறேன், கடைசியில் சொல்கிறேன்.

முதலில் ட்ரே எதற்கு என்று சொல்லிவிடுகிறேன். இங்கே நியூ ஜெர்சி வந்த பிறகு எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைச் சமையல் என் பொறுப்பு. மகளின் லஞ்ச் பாக்ஸுக்கு வான்கோழிக் கொத்துக்கறியில் குட்டிக் குட்டியாக மீட்லோஃப் (கறியைப் பிசைந்து ரொட்டி மாதிரி ஓவனில் வேகவைப்பது) செய்து ஃப்ரீசரில் அடுக்கிவிடுவேன். பெரிய லோஃபாக வைத்தால் வேக ஒரு மணி நேரம் ஆகும், வெட்டும்போது உதிரும். மஃபின் என்ற குட்டிக் கேக்குக்கான குழி ட்ரேயில் வைத்தால் கிட்டத்தட்ட அரை மணியில் முடிந்துவிடும். இரண்டு பவுண்டு கறிக்குச் சரியாகப் பன்னிரண்டு குழி. ஆளுக்கு இரண்டு என்று கணக்கும் சுலபம். வான்கோழியில் கொழுப்பு குறைவு, சும்மா வைத்தால் காய்ந்து சக்கை மாதிரி ஆகிவிடும். அதனால் பிரெட்டைப் பாலில் ஊறவைத்துப் பிசைந்து, வெங்காயத்தைத் துருவிச் சாறோடு சேர்த்து, ஒரு முட்டை, கொஞ்சம் மிளகு, மேலே கெச்சப் பூச்சு. மூன்று வருடமாக இதே கைப்பக்குவம். பழைய ட்ரே ஓரமெல்லாம் துருப்பிடித்துவிட்டது, புதிதாக ஒன்று வாங்கலாம் என்று தேடியதுதான் வினை.

நான் நம்பிய இடத்தைச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதுதான் எனக்கு இன்னும் உறுத்துகிறது. விளம்பரப் படத்தில் இருந்தது மஃபினே இல்லை. பன்னிரண்டு குழியிலும் மீட்லோஃப், மேலே கெச்சப் பளபளக்கிறது, ஓரத்தில் ஒரு கை தெர்மாமீட்டரைக் குத்திக்கொண்டிருக்கிறது. கனமான ஸ்டீல், ஒட்டாத பூச்சு, 450 டிகிரி ஃபாரன்ஹீட் வரை தாங்கும் என்று எழுதியிருந்தது. இரண்டு ட்ரே, கூடவே டிஜிட்டல் தெர்மாமீட்டர் இலவசம். நட்சத்திரம் 4.7. இருந்தாலும் கேட்டுவிடுவோமே என்று விற்பனையாளருக்கு ஒரு செய்தி போட்டேன்: "வான்கோழி மீட்லோஃப் செய்வேன், 375 டிகிரியில் வைப்பேன், தாங்குமா?" பத்து நிமிடத்தில் பதில். "அன்பு நண்பரே, உங்கள் குடும்பத்துக்கு மிகப் பொருத்தமானது. எங்கள் வாடிக்கையாளர்கள் பலர் மீட்லோஃப்தான் செய்கிறார்கள். ஏதாவது குறை என்றால் நாங்கள் இருக்கிறோம்."

நாங்கள் இருக்கிறோமாம். அந்த வார்த்தையில்தான் விழுந்தேன். வேறு நாலு ட்ரேயை ஒப்பிட்டுப் பார்க்கலாம் என்று திறந்து வைத்திருந்த பக்கங்களை மூடிவிட்டு டெபிட் கார்டைத் தட்டிவிட்டேன். 58 டாலர் 40 சென்ட்.

பெட்டி வந்தபோதே சந்தேகப்பட்டிருக்க வேண்டும். இரண்டு ட்ரேயும் சேர்ந்து கையில் எடையே தெரியவில்லை. விரலால் சுண்டினால் அப்பள டப்பா மூடி மாதிரி சத்தம். சரி, இப்போதெல்லாம் எல்லாமே இப்படித்தான் வருகிறது என்று அலமாரியில் வைத்துவிட்டேன்.

ஒன்பதாம் நாள் ஞாயிறு. கழுவித் துடைத்து, குழிகளில் லேசாக எண்ணெய் தடவி, பன்னிரண்டையும் நிரப்பி ஓவனுக்குள் தள்ளினேன். பத்து நிமிடம்கூட ஆகியிருக்காது, உள்ளே டொங் என்று ஒரு சத்தம். கண்ணாடி வழியாகப் பார்த்தால் ட்ரே முறுக்கிக்கொண்டு ஒரு மூலை மேலே தூக்கி நிற்கிறது. கறியிலிருந்து இறங்கிய சாறெல்லாம் சரிவுப் பக்கம் ஓடி, ஓரத்தில் வழிந்து ஓவன் அடியில் விழுந்து கருகுகிறது. புகை. ஸ்மோக் அலாரம் அலற, மனைவி ஜன்னலைத் திறக்க, நான் டவலை வீசிக்கொண்டிருக்கிறேன்.

பதினேழாவது நிமிடம் அந்த இலவசத் தெர்மாமீட்டரைக் குத்தினேன். 168 காட்டியது. வான்கோழிக் கொத்துக்கறிக்கு 165 டிகிரி ஃபாரன்ஹீட் வந்தாக வேண்டும், அமெரிக்க விவசாயத் துறை சொல்லும் அளவு அது. மாட்டுக் கொத்துக்கறிக்கு 160 போதும், கோழி வகைக்குக் கூடுதல். 168 வந்துவிட்டதே என்று வெளியே எடுத்தேன். மகள் தட்டோடு வந்து பக்கத்தில் நின்றுகொண்டாள். முதல் லோஃபைக் கரண்டியால் நெம்பி எடுத்துத் திருப்பினால் அடியில் கறுப்பாகப் பொடிப்பொடியாக ஏதோ. மிளகு என்றுதான் நினைத்தேன். ஒன்றை எடுத்து விரலுக்கு நடுவில் நசுக்கினேன். மிளகு நொறுங்கும் அல்லவா? இது நொறுங்கவில்லை, தட்டையாகி, சுருண்டு, பிளாஸ்டிக் தோல் மாதிரி விரலில் ஒட்டிக்கொண்டது. குழியைப் பார்த்தால் அடியில் வெள்ளி நிறத்தில் உலோகம் தெரிகிறது. முதல் தடவை, ஒரே ஒரு தடவை ஓவனில் வைத்ததற்கு ஒட்டாத பூச்சு கறியில் ஒட்டிக்கொண்டு வந்துவிட்டது.

அப்புறம்தான் லோஃபை நடுவில் பிளந்தேன். உள்ளே கொழகொழவென்று விழுது. நிறத்தை மட்டும் வைத்து வெந்ததா இல்லையா என்று சொல்ல முடியாது, நன்றாக வெந்த வான்கோழி சில சமயம் இளஞ்சிவப்பாகத்தான் இருக்கும். ஆனால் இது நிற விஷயம் இல்லை, பிசைந்து வைத்த கலவை அப்படியே இருக்கிறது. மகள் கையிலிருந்த தட்டை வாங்கி வைத்துவிட்டேன். பச்சைக் கோழி வகையில் சால்மோனெல்லா கிருமி இருக்க வாய்ப்பு உண்டு என்பது எல்லோருக்கும் தெரியும். நல்லவேளை அவள் வாயில் வைக்கவில்லை.

பன்னிரண்டும் குப்பைக்குப் போனது. அன்று ராத்திரி தெர்மாமீட்டரைச் சோதித்தேன். டம்ளர் நிறைய நொறுக்கிய ஐஸ், இடுக்கில் தண்ணீர், நடுவில் கம்பி. 32 காட்ட வேண்டும். 62 காட்டியது. அடுத்து கொதிக்கிற தண்ணீர். கடல் மட்டத்தில் தண்ணீர் 212-இல் கொதிக்கும், மலைமேல் போனால் இன்னும் குறைவு. இந்தக் கருவி 241 என்கிறது. கிட்டத்தட்ட 30 டிகிரி கூட்டிச் சொல்கிறது. அப்படியென்றால் 168 என்று அது சொன்னபோது கறி 140-ஐக்கூடத் தொடவில்லை. ட்ரே கெட்டது கூடப் போகட்டும், இந்தத் தெர்மாமீட்டரை நம்பி அடுத்த வாரமும் சமைத்திருந்தால்?

இனிமேல்தான் கூத்து. அன்றே படங்களோடு எழுதினேன். இரண்டு நாள் கழித்துப் பதில்: "அன்பு நண்பரே, படம் தெளிவாக இல்லை, பகல் வெளிச்சத்தில் எடுத்து அனுப்புங்கள்." அனுப்பினேன். மூன்று நாள் கழித்து, "வீடியோ வேண்டும்." ஓவனில் மறுபடி வைத்து, அது முறுக்குவதை வீடியோ எடுத்து அனுப்பினேன். அப்புறம் எட்டு நாள் சத்தமே இல்லை. கேட்டால் தொழிற்சாலை விடுமுறையாம். நடுவில் சந்தையின் வாடிக்கையாளர் சேவை சாட்டில் போய் நின்றேன். ஒவ்வொரு தடவையும் வேறு பெயர், ஒவ்வொருவருக்கும் முதலிலிருந்து கதை. எல்லோரும் "உங்கள் ஏமாற்றம் எனக்குப் புரிகிறது" என்றுதான் தொடங்குகிறார்கள். முடிவு என்னவென்றால், வெளி விற்பனையாளர் பொருள் என்பதால் முதலில் அவரிடம் பேசுங்கள், 48 மணி நேரம் பொறுங்கள். விற்பனையாளரோ சந்தையிடம் பேசச் சொல்கிறார். பந்து மாதிரி இங்கும் அங்கும் உதைபட்டேன்.

கடுப்பாகி ஒற்றை நட்சத்திரம் போட்டு விமர்சனம் எழுதினேன். அதற்கு மட்டும் ஒரு மணி நேரத்தில் பதில் வந்துவிட்டது! ஐந்து நட்சத்திரமாக மாற்றினால் 15 சதவீதம் திருப்பித் தருகிறார்களாம். கணக்குப் போட்டால் 8 டாலர் 76 சென்ட். என் 58 டாலர் 40 சென்ட்டுக்கு 8 டாலர் 76 சென்ட் பிச்சை, அதுவும் நான் அடுத்தவரிடம் பொய் சொன்னால். நல்ல விமர்சனம் எழுதினால்தான் பணம் என்று பேரம் பேசுவதைத் தடைசெய்யும் எஃப்.டி.சி. (அமெரிக்க மத்திய வர்த்தக ஆணையம்) விதி அக்டோபர் 2024 முதலே நடைமுறையில் இருக்கிறது. அதைச் சொல்லி எழுதினேன். உடனே குரல் மாறியது. "மன்னிக்கவும், புது ட்ரே அனுப்புகிறோம்" என்று ஒரு டிராக்கிங் எண் கொடுத்தார்கள். பத்து நாள் பார்த்தேன். "லேபிள் தயாராகிவிட்டது" என்பதைத் தாண்டி அந்த எண் ஒரு அங்குலம் நகரவில்லை.

முப்பத்திரண்டாம் நாளான இன்று காலை சந்தை சாட்டில் கேட்டால், திருப்பி அனுப்பும் அவகாசம் 30 நாள், அது முடிந்துவிட்டது சார் என்கிறார்கள். அப்போதுதான் உறைத்தது. இவர்கள் முடியாது என்று ஒரு தடவைகூடச் சொல்லவில்லை. படம், வீடியோ, விடுமுறை, டிராக்கிங் என்று நாளை நகர்த்தியிருக்கிறார்கள், அவ்வளவுதான். அவகாசம் முடிந்த பிறகுதான் "இறைச்சிக்கானது அல்ல" என்ற வார்த்தை வருகிறது. சரி, விளம்பரத்திலேயே மீட்லோஃப் படம் இருந்ததே, அதைக் காட்டுவோம் என்று போனால் படமே மாறியிருக்கிறது. இப்போது குழி நிறைய புளூபெர்ரி மஃபின். பழைய படத்தை நான் எடுத்து வைக்கவில்லை.

வங்கிக்கும் போன் செய்தேன். டெபிட் கார்டு, நீங்களே ஒப்புக்கொண்டு செலுத்திய பணம், பொருள் தரம் சரியில்லை என்பதற்கு எங்களால் ஒன்றும் செய்ய முடியாது என்று கைவிரித்துவிட்டார்கள். வாங்குவதற்கு முன் பார்க்க வேண்டிய விமர்சனங்களை இன்று மத்தியானம்தான் உட்கார்ந்து படித்தேன். "சார்ஜ் வேகமாக ஏறுகிறது" என்கிறது ஒன்று. "மனைவிக்கு நிறம் பிடித்திருக்கிறது, காதில் வலிக்கவில்லை" என்கிறது இன்னொன்று. வேறு எதற்கோ வாங்கிய நட்சத்திரங்களை வைத்துக்கொண்டு பொருளை மட்டும் மாற்றி விற்றிருக்கிறார்கள். நான் பார்த்தது 4.7 என்ற எண்ணை மட்டும்.

"58 டாலர்தானே, விடுங்க" என்கிறாள் மனைவி. எனக்கு விட மனமில்லை. 58 டாலர் 40 சென்ட், இரண்டு பவுண்டு கறி, ஓவன் அடியைச் சுரண்டிய ஒரு சாயங்காலம், எல்லாவற்றுக்கும் மேல் பிள்ளையின் தட்டு வரை வந்த வேகாத கறி. எஃப்.டி.சி. தளத்தில் புகார் பதிந்துவிட்டேன். தனித்தனிப் புகாருக்கு அவர்கள் பணம் வாங்கித் தர மாட்டார்கள், பதிவாவது இருக்கட்டும்.

சரி, சொல்கிறேன் என்று சொன்ன விஷயங்கள். கிரெடிட் கார்டில் வாங்குங்கள். ஒப்புக்கொண்டபடி பொருள் வரவில்லை என்றால், அந்தத் தொகை வரும் முதல் பில் அனுப்பப்பட்ட 60 நாளுக்குள் எழுத்தில் மறுப்புத் தெரிவிக்க 1974ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று இருக்கிறது, டெபிட்டுக்கு அந்தப் பிடி இல்லை. விளம்பரப் பக்கத்தை வாங்கும் நாளிலேயே ஸ்கிரீன்ஷாட் எடுத்துவிடுங்கள். விற்பனையாளர் என்ன சொன்னாலும் அவகாசத்துக்குள் திருப்பி அனுப்பும் பட்டனை முதலில் அழுத்திவிட்டுப் பிறகு பேசுங்கள். புதுத் தெர்மாமீட்டரை ஐஸ் தண்ணீரில் வைத்துப் பார்க்காமல் கறியில் குத்தாதீர்கள்.

ஐந்தாவது என்ன என்று நினைவுக்கு வரவில்லை. மகள் பசிக்கிறது என்கிறாள், அந்தத் துருப்பிடித்த பழைய ட்ரேயைத்தான் தேய்த்துக்கொண்டிருக்கிறேன். வந்தால் கீழே சேர்க்கிறேன்.