ரிலீவிங் லெட்டரைக் காட்டி மிரட்டினால் உடனே பணம் கட்டிவிடாதீர்கள்

வேலை மாறும் யோசனையில் இருப்பவர்கள், முக்கியமாகச் சேரும்போதே 'இத்தனை காலத்துக்குள் விலகினால் பணம் கட்டுகிறேன்' என்ற பாண்டில் கையெழுத்து போட்டவர்கள், ராஜினாமா கொடுப்பதற்கு முன்பு இதைப் படித்துவிடுங்கள்.

நோட்டீஸ் பீரியட் முழுவதும் வேலை பார்த்தேன், எனக்குப் பதிலாக வந்தவருக்கு எல்லாவற்றையும் சொல்லிக்கொடுத்தேன், லேப்டாப்பை ஒப்படைத்துக் கையெழுத்தும் வாங்கினேன். கடைசி நாள் சாயங்காலம் எச்.ஆர். கூப்பிட்டு, பாண்டுப்படி பயிற்சிச் செலவைக் கட்டினால்தான் முறைப்படி விலகியதற்கான ரிலீவிங் லெட்டர் தருவோம், அதோடு ஒரு வருடத்துக்கு இதே துறையில் வேறு எங்கேயும் சேரக்கூடாது, சேர்ந்தால் வழக்கு என்றார். பயிற்சி என்று எதுவுமே அங்கே நடந்ததில்லை! புதுக் கம்பெனியோ ரிலீவிங் லெட்டரைக் கேட்டுக்கொண்டே இருக்கிறது. இந்த நெருக்கடியில் நாம் பயந்துபோய்க் கேட்டதைக் கொடுத்துவிடுவோம் என்பதுதான் அவர்கள் கணக்கு, எனக்கு முன்னால் விலகியவர்கள் சிலர் கொடுத்தும் இருக்கிறார்கள்.

வக்கீலிடம் போனேன். வேலையை விட்ட பிறகு இதே தொழிலில் வேறு இடத்தில் சேரக்கூடாது என்று எழுதி வாங்குவது 1872 இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 27ஆம் பிரிவின்படி செல்லாது, உச்ச நீதிமன்றமும் 2006இல் ஒரு தீர்ப்பில் இதை உறுதி செய்திருக்கிறது என்றார். கம்பெனியின் ரகசியங்களை வெளியே கொண்டுபோகக் கூடாது என்ற நிபந்தனை வேறு, அதற்கு நாம் கட்டுப்பட்டவர்கள்தான். பாண்டு விஷயத்தில் மட்டும் கொஞ்சம் நிதானம் வேண்டும். எல்லா பாண்டும் செல்லாது என்று இணையத்தில் பலர் எழுதுகிறார்கள், அதை நம்பாதீர்கள். மூன்று வருடத்துக்குள் விலகினால் 2 லட்சம் கட்ட வேண்டும் என்று ஒரு பொதுத்துறை வங்கி போட்ட நிபந்தனை செல்லும் என்று 2025இல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. ஆனால் காகிதத்தில் எழுதிய தொகை அப்படியே அவர்களுக்குக் கிடைத்துவிடாது, அதே ஒப்பந்தச் சட்டத்தின் 74ஆம் பிரிவின்படி அந்தத் தொகைக்கு மிகாமல் நியாயமான இழப்பீடுதான் கேட்க முடியும், அதையும் அவர்களாகப் பிடித்துக்கொள்ளாமல் நீதிமன்றத்தில் போய்த்தான் கேட்க வேண்டும்.

இதைவிட மோசமானது அப்புறம் நடந்தது. புதுக் கம்பெனியின் சார்பில் பேக்கிரவுண்ட் வெரிஃபிகேஷனுக்காக, அதாவது என் பழைய வேலை விவரங்களைச் சரிபார்க்கக் கேட்டவர்களிடம் நான் சொல்லாமல் கொள்ளாமல் ஓடிப்போனதாகப் பதில் கொடுத்திருக்கிறார்கள். ஒரு மனிதரின் பிழைப்பில் கை வைக்கும் பொய் அது, இன்றைக்கு நினைத்தாலும் கொதிக்கிறது. ராஜினாமா மெயில், அதை ஏற்றுக்கொண்டு மேனேஜர் போட்ட பதில், லேப்டாப் வாங்கிக்கொண்டதற்கான கையெழுத்து, பே ஸ்லிப்புகள் எல்லாம் என் சொந்த மெயிலில் இருந்ததால் அன்றைக்கே அனுப்ப முடிந்தது. கடைசி நாளோடு ஆபீஸ் மெயில் மூடிவிடும், அதற்குப் பிறகு உங்கள் கடிதத்தையே நீங்கள் பார்க்க முடியாது. அதனால் ராஜினாமாவை அனுப்பும்போதே சொந்த மெயிலுக்கும் ஒரு நகல் போட்டுவிடுங்கள். உங்கள் சம்பந்தப்பட்ட கடிதங்களை மட்டும் எடுங்கள், கம்பெனி ஃபைல் ஒன்றுகூட வேண்டாம், அதைப் பிடித்துக்கொண்டு உங்கள் மேலேயே புகார் கொடுப்பார்கள்.

ரிலீவிங் லெட்டர் இல்லாவிட்டாலும் நீங்கள் அங்கே வேலை பார்த்ததை அவர்களால் அழிக்க முடியாது. பி.எஃப். பாஸ்புக்கில் மாதாமாதம் கம்பெனி பெயரோடு பணம் ஏறியிருக்கும், சம்பளத்தில் வரி பிடித்திருந்தால் வருமான வரித்துறையின் 26ஏஎஸ் படிவத்தில் அதுவும் இருக்கும். புதுக் கம்பெனி எச்.ஆரிடம் நிலைமையை மறைக்காமல் சொல்லி இவற்றைக் கொடுத்தேன், ஏற்றுக்கொண்டார்கள்.

பழைய கம்பெனி பி.எஃப். கணக்கில் விலகிய தேதியையும் போடவில்லை. அது இல்லாமல் பழைய பணத்தை மாற்ற முடியாது. கடைசியாகப் பணம் கட்டிய மாதத்திலிருந்து இரண்டு மாதம் கழிந்துவிட்டால் யு.ஏ.என். (பி.எஃப். உறுப்பினர் எண்) கணக்கில் 'மார்க் எக்ஸிட்' என்ற இடத்தில் நாமே போட்டுக்கொள்ளலாம், ஆதாரோடு இணைந்த மொபைலுக்கு ஓ.டி.பி. வரும். தேதி அந்தக் கடைசி மாதத்துக்குள் வர வேண்டும். பார்த்துப் போடுங்கள், தப்பாகப் போட்டால் திருத்துவது பெரிய அலைச்சல்.

கடைசி மாதச் சம்பளத்தையும் நிறுத்தி வைத்திருந்தார்கள். 2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்த ஊதியச் சட்டத் தொகுப்பு, ராஜினாமா செய்தவருக்கும் 2 வேலை நாட்களுக்குள் சம்பளத்தைக் கொடுத்துவிட வேண்டும் என்கிறது. இதையும் அந்தப் பொய்ப் பதிலையும் குறிப்பிட்டு வக்கீல் நோட்டீஸ் போனதும், அதுவரை போனையே எடுக்காதவர்கள் தாங்களாகக் கூப்பிட்டார்கள். ரிலீவிங் லெட்டர் வந்துவிட்டது, பாண்டைப் பற்றி அதன்பின் பேச்சே இல்லை. 'ஓடிப்போனார்' என்று சொன்னதை எழுத்தில் திரும்பப் பெறச் சொல்லியிருக்கிறேன், இன்னும் செய்யவில்லை. அதை வாங்காமல் விடப்போவதில்லை.