செருப்பு கழன்றதே தெரியவில்லை: ஊருக்குப் போய் நரம்பைச் சோதித்துக்கொண்ட கதை

இந்த முறை ஊருக்குப் போனது எல்லோரையும் பார்த்துவிட்டு வரத்தான். ஆனால் மூன்று வார விடுமுறையில் ஒரு வாரம் லேப், மருந்துக்கடை, நரம்பு டாக்டர் என்றே ஓடிவிட்டது. போன மூன்றாம் நாள் அக்காவோடு நடந்துகொண்டிருந்தேன். திடீரென்று நின்றவள், "டேய், ஒரு கால் செருப்பு எங்கடா?" என்றாள். இருபது அடி பின்னால் கிடந்தது. கழன்றதும் தெரியவில்லை, வெறுங்காலில் நடந்ததும் தெரியவில்லை.

விமானத்தில் காலை மடக்கி உட்கார்ந்து வந்ததால் மரத்திருக்கும் என்று ஏதோ சமாதானம் சொன்னேன். உண்மையில் ஒரு வருடமாகவே கால் விரல்களில் எறும்பு ஊர்கிற மாதிரி இருக்கும், ராத்திரி படுத்தால் பாதம் எரியும், சில நாள் பஞ்சின் மேல் நடப்பது போலிருக்கும். முகம் கழுவக் கண்ணை மூடிக் குனிந்தால் உடம்பு ஆடும். இதையெல்லாம் தனித்தனியாக ஒதுக்கி வைத்திருந்தேனே தவிர, ஒன்றாகச் சேர்த்துப் பார்க்கத் தோன்றவில்லை. நான் வசிக்கும் நாட்டில் நரம்பு மருத்துவரைப் பார்க்க மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும், இங்கே நாளைக்கே பார்த்துவிடலாம் என்று அக்கா பிடிவாதம் பிடித்தாள். சரி என்று கிளம்பினேன்.

முதலில் போனது மருந்துக்கடைக்கு, அது என் தப்பு. மதமதப்பு என்று வாயெடுத்ததுமே நரம்புக்கு நல்லது என்று ஒரு அட்டை பி வைட்டமின் மாத்திரை வந்துவிட்டது, வேண்டுமானால் ஊசியும் போட்டுக்கொள்ளலாமாம். அடுத்தது லேப். முழு உடல் பரிசோதனை என்று வண்ணப் படங்களோடு புத்தகம் மாதிரி ஒரு அறிக்கை கொடுத்தார்கள், பிறகு எனக்குத் தேவைப்பட்ட பி12 வைட்டமின் அளவு மட்டும் அதில் இல்லை.

டாக்டர் அந்தப் புத்தகத்தை ஓரமாக வைத்துவிட்டு, சாக்ஸைக் கழற்றுங்க என்றார். அடுத்த பதினைந்து நிமிடம்தான் இந்தப் பயணத்திலேயே எனக்குக் கிடைத்த உருப்படியான சேவை. 128 ஹெர்ட்ஸ் இசைக்கவையைத் தட்டிக் கட்டைவிரல் எலும்பில் வைத்தார், அதிர்வே தெரியவில்லை. கணுக்காலில் லேசாகத் தெரிந்தது, முழங்காலில் நன்றாகவே தெரிந்தது. அப்புறம் ஒரு நைலான் இழை, 10 கிராம் விசையில் வளைவது. கண்ணை மூடச் சொல்லி உள்ளங்காலில் அங்கங்கே தொட்டார், பாதி இடங்களில் அவர் தொட்டுவிட்டு எடுத்த பிறகும் நான் காத்துக்கொண்டிருந்தேன். கட்டைவிரலை மேலும் கீழும் அசைத்து எந்தப் பக்கம் என்று கேட்டார், தப்பாகச் சொன்னேன். பாதங்களைச் சேர்த்து நின்று கண்ணை மூடியதும் சாய்ந்துவிட்டேன், அக்காதான் பிடித்தாள்.

அவர் விளக்கியதை என் வார்த்தையில் சொல்கிறேன். பாதத்துக்குப் போகும் நரம்புகள்தான் உடம்பிலேயே நீளமானவை, அதனால் சர்க்கரை மாதிரி உடம்பு முழுவதையும் பாதிக்கும் கோளாறுகளில் பெரும்பாலும் கால் நுனிதான் முதலில் அடிபடும், இரண்டு காலிலும் ஒரே மாதிரி, சாக்ஸ் போட்ட அளவுக்கு ஏறும், கை விரல்கள் அப்புறம். மெல்லிய இழைகள் கெட்டால் எரிச்சலும் குத்தலும் வரும், சூடும் குளிரும் தெரியாமல் போகும். தடித்த இழைகள் கெட்டால் அதிர்வும், கால் எங்கே இருக்கிறது என்ற உணர்வும் போகும். ஒரு காலில் மட்டும் என்றாலோ, கையில் கட்டைவிரல் பக்கத்து மூன்று நான்கு விரல்களில் மட்டும் என்றாலோ, நரம்பு எங்கோ நசுங்குகிறதா என்றுதான் முதலில் பார்ப்பார்களாம். திடீரென்று உடம்பின் ஒரு பக்கம் மரத்தாலோ, சில நாட்களிலேயே கால் பலமிழந்து மேலே ஏறினாலோ, சிறுநீர் கட்டுப்பாடு போனாலோ, நேராக அவசரப் பிரிவுதான்.

காரணங்களின் பட்டியல் நீளம்: சர்க்கரை, மது, தைராய்டு குறைவு, சிறுநீரகக் கோளாறு, தொழுநோய், சில புற்றுநோய் மருந்துகள், பரம்பரை. ஆனால் அவர் என்னிடம் கேட்டது ஒன்றுதான்: "மெட்ஃபார்மின் எத்தனை வருஷமா?" சர்க்கரைக்காக அந்த மாத்திரையைப் போட ஆரம்பித்துப் பன்னிரண்டு வருடம். அது நாளாவட்டத்தில் பி12 உடம்பில் சேர்வதைக் குறைக்கும், பி12 குறைந்தால் நரம்பு கெடும் என்று இத்தனை வருடத்தில் யாரும் என்னிடம் சொன்னதில்லை. மருந்துக்கடை அட்டையைக் காட்டினேன். நல்லவேளை விழுங்கவில்லை, போட்டிருந்தால் ரத்தத்தில் பி12 ஏறி உண்மையான அளவு தெரியாமல் போயிருக்கும் என்றார். இன்னொன்றும் சொன்னார்: பி6 அதிகமாக, நீண்ட நாள் போனால் அதுவே உணர்வு நரம்பைக் கெடுக்கும். நரம்புக்கு என்று விற்கும் மாத்திரை நரம்பையே கெடுக்கலாம் என்பதைக் கேட்டு எனக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை.

ரத்தத்தில் பி12 அளவு 148 pg/mL வந்தது. பொதுவாக 200-க்குக் கீழே போனால் குறைவு. சர்க்கரையின் பங்கும் இருக்கிறது, இரண்டையும் பிரித்துச் சொல்ல முடியாது என்றார்.

நரம்பில் மின்துடிப்பு எவ்வளவு வேகமாக ஓடுகிறது என்று பார்க்கும் நரம்புக் கடத்தல் சோதனையில்தான் கடுப்பு. அந்த மையத்தில் ஏசியை உச்சத்தில் வைத்திருந்தார்கள், காத்திருந்தே கால் ஐஸாகிவிட்டது. தோலின் வெப்பத்தை அளக்காமலே மின்முனைகளை ஒட்டிச் சுள் சுள்ளென்று ஷாக் கொடுத்து முடித்து, நரம்பின் வேகம் ரொம்பக் குறைவு, மேலுறை சேதம் என்று எழுதிவிட்டார்கள். படித்த அன்று தூக்கமில்லை. டாக்டர் பார்த்ததும் கேட்டது, "அங்கே குளிரா இருந்ததா?" குளிர்ந்த காலில் எந்த நரம்பும் மெதுவாகத்தான் கடத்துமாம். வேறு இடத்துக்கு அனுப்பினார். அங்கே வெந்நீர்ப் பை வைத்து, தோல் 32 டிகிரிக்கு வந்த பிறகே ஆரம்பித்தார்கள். வேகம் சரியாகவே இருந்தது, கெண்டைக்கால் பின்புறம் ஓடும் உணர்வு நரம்பின் அலையின் உயரம்தான் குறைவு. அதாவது உறை நன்றாக இருக்கிறது, உள்ளே கம்பிகள் குறைந்துவிட்டன. முதல் அறிக்கையை நம்பியிருந்தால் சிகிச்சையே வேறு திசையில் போயிருக்கும். இந்தச் சோதனை மெல்லிய இழைகளைப் பார்க்காது என்பதும் அங்கேதான் தெரிந்தது, வெறும் எரிச்சல் மட்டும் உள்ளவருக்கு நார்மல் என்று வந்தால் நோய் இல்லை என்று அர்த்தமில்லை.

பி12 ஊசி தொடங்கியாகிவிட்டது. எரிச்சலுக்கு ராத்திரியில் ப்ரீகாபலின், அது வலியை அடக்கும், நரம்பைச் சரிசெய்யாது. அறுந்த நரம்பு இழை வளர்ந்தாலும் நாளுக்குச் சுமார் 1 மில்லிமீட்டர்தான், எல்லாம் திரும்பும் என்று டாக்டர் சொல்லவும் இல்லை. தினமும் ராத்திரி கண்ணாடி வைத்து உள்ளங்காலைப் பார்க்கிறேன், போன வாரம் ஒரு கொப்புளம் இருந்தது, எப்போது வந்ததென்றே தெரியாது.

விடுமுறை முடிந்து திரும்பிவிட்டேன், இங்கே என் டாக்டர் இரண்டு சோதனைகளின் அலைவரைபடத்தையும் கேட்கிறார். இரண்டாவது இடத்திலிருந்து மறுநாளே வந்துவிட்டது. ஏசி மையத்துக்கு மூன்று முறை எழுதிவிட்டேன், ஒவ்வொரு முறையும் அதே ஒரு பக்கச் சுருக்கத்தைத்தான் அனுப்புகிறார்கள்.