மதிலுக்கு வெளியே ஒரு காடு: ‘தி சீக்ரெட் ஆஃப் கெல்ஸ்’

பிள்ளைகளோடு உட்கார்ந்து பார்க்க மத்தியகாலக் கதை எது என்று கேட்டால், 2009இல் டாம் மூர் இயக்கிய இந்த அனிமேஷன் படத்தைத்தான் சொல்வேன். 75 நிமிடம்தான். அயர்லாந்தின் கெல்ஸ் மடத்தில், வைகிங்குகள் என்ற வடநாட்டுக் கடற்கொள்ளையருக்குப் பயந்து மடாதிபதி மதில் எழுப்பிக்கொண்டே இருக்கிறார். அவர் வளர்க்கும் பிரெண்டனுக்கோ ஏட்டில் சித்திரம் தீட்டத்தான் ஆசை. மை காய்ச்ச மாசிக்காய் தேடிக் காட்டுக்குள் போகிறவன், ஓநாயாக மாறும் வனதேவதைச் சிறுமி ஆஷ்லிங்கைச் சந்திக்கிறான்.

இதன் கோடுகள்தான் என்னைக் கட்டிப்போட்டன. பழைய ஏட்டுப் பக்கம் போலவே எல்லாம் தட்டையாக, சுருள் சுருளாக. குரோம் குருவாக் என்ற பாம்பை பிரெண்டன் எதிர்கொள்ளும் இடத்தைப் பாருங்கள். வாள் கிடையாது. சாக்குக்கட்டியால் கோடு போட்டே அதை மடக்குகிறான். கடைசியில் பாம்பு தன் வாலையே விழுங்குகிறது. சித்திரக்காரப் பையனுக்கு இதைவிடப் பொருத்தமான சண்டை ஏது!

வைகிங் தாக்குதல், சிவப்பும் கருப்புமாக, நிஜமாகவே கலங்கடிக்கும். சின்னப் பிள்ளைகள் என்றால் பக்கத்திலேயே இருங்கள். கடைசிப் பகுதி வருஷங்களை அவசரமாகத் தாண்டிப் போகிறது. அங்கே இன்னும் கொஞ்சம் நின்றிருக்கலாம்.

அப்புறம் ஒன்று: பிரெண்டன் சித்திரம் தீட்டும் அந்த ஏடு, ‘புக் ஆஃப் கெல்ஸ்’, நிஜமானது; இன்றும் டப்ளின் டிரினிட்டி கல்லூரியில் இருக்கிறது. படம் முடிந்ததும் கிறிஸ்து பெயரின் முதல் இரண்டு கிரேக்க எழுத்துகளைச் சித்திரமாக்கிய அதன் கை-ரோ பக்கத்தின் படத்தைத் தேடிப் பிள்ளைகளிடம் காட்டுங்கள்.