வேலப்பாடி வீட்டு மேற்குச் சுவர்: ஃபைபர் சிமென்ட் போர்டு, ஒரு வருஷம் கழிச்சு

தாத்தா கட்டின வீடு. செங்கல், மண் சாந்து, மேல சுண்ணாம்புப் பூச்சு. மேற்குச் சுவர்ல கையால தடவினா மாவாக் கொட்டும். இடுப்பு உயரத்துக்கு உப்பு பூத்திருக்கும். ரெண்டு தடவை சிமென்ட் பூசியும் பாளம் பாளமாக் கழண்டு விழுந்தது. அதான் வெளிப்பக்கம் ஃபைபர் சிமென்ட் போர்டு (சிமென்ட்டும் நாரும் கலந்து செஞ்ச பலகை) அடிச்சு மூடிடலாம்னு பார்த்தேன்.

போர்டு விக்கிற கடைக்காரர், "சுவரைத் தொடவே வேணாம் மேடம், அப்படியே மேல அடிச்சிடலாம்"னார். எங்க கொத்தனார் ஒத்துக்கல. "ஓதம் ஏறின சுவரும்மா இது. மூடிட்டா ஈரம் எங்க போவும்? உள்பக்கம்தான் வரும், உன் பீரோ பூஞ்சை பூத்துப் பூடும்." அவர் பேச்சைத்தான் கேட்டேன். கீழ மூணடி சிமென்ட்டைக் கொத்தி எடுத்து, சுண்ணாம்பே பூசி, ஒன்றரை மாசம் காய விட்டோம்.

அப்புறம் ஜிஐ சேனல் (துத்தநாகம் பூசின இரும்புச் சட்டம்) அடிச்சு, அது மேல 8க்கு 4 அடி ஷீட்டு, 8 எம்எம். சுவருக்கும் போர்டுக்கும் நடுவுல ரெண்டு இஞ்ச் சந்து. தரையிலிருந்து அரையடி விட்டு ஆரம்பிச்சோம். கீழயும் மேலயும் காத்து போக வழி. சட்டத்தைச் சுவரோட பிடிக்கிற ஆங்கர் போல்ட்டைச் செங்கல்லதான் இறக்கணும், மண் சாந்துல பிடிக்காது. முதல் நாள் போட்ட நாலு கையோட வந்துடுச்சு. கூலியோட சதுர அடி 190 ரூபாய்.

வெயில் விஷயத்துல குறையே இல்ல. வேலூர் கத்திரி தெரிஞ்சவங்களுக்குச் சொல்ல வேணாம்: முன்னெல்லாம் ராத்திரி பத்து மணிக்கும் உள்சுவர் அடுப்பு மேடையாச் சுடும், கட்டிலை நடு ரூமுக்கு இழுத்துப் போடுவோம். இந்த மே மாசம் கட்டில் நகரல. வெயில் போர்டு மேலயே நின்னுடுது. சந்துல சூடாகிற காத்து மேல ஏறிப் போயிடுது. சுண்ணாம்பும் உதிரல, டார்ச் அடிச்சுப் பார்த்தேன்.

கீழ்ச் சந்துல எலிக்கு வலை அடிச்சவங்க மேல அடிக்க மறந்துட்டாங்க. ஆடியில குளவி கூடு கட்டிடுச்சு. ஜன்னலுக்காக ஒரே ஷீட்டை எல் மாதிரி வெட்டினதால மூலையில விரிசல். மூக்குல துணிகூடக் கட்டாம ஷீட்டை அறுத்தாங்க பாருங்க, அந்தத் தூசி நுரையீரலுக்கு ஆகாது; பக்கத்து வீட்டுக் கொடித்துணியெல்லாம் வெள்ளை.

போர்டுக்கு நாலு ஸ்டார். மாட்டினவங்களுக்கு ரெண்டு. விரிசலைப் பார்க்க வரேன்னு சொல்லி மூணு மாசம் ஆச்சு, போனை எடுக்கல.